ஓடையில் கழுவிய டேங்க்

இன்று ஆய்வுகூடத்தில் மீன் போத்தல்களைக் கழுவும்போது மீன் கெடாமலிருக்க ஊற்றும் போமலின் வாடை கையுறைக்குள்ளும் ஏறிவிட்டது. வேறு மருந்துதான், ஆனாலும் நினைவுக்கு வந்தது, நாவலப்பிட்டிக்கு மேலே தேயிலைத் தோட்டத்தில் எங்கள் லயத்து வீட்டு வரிசைக்குக் கீழே ஓடிய ஓடையும், அதில் களைக்கு அடிக்கும் புல்லுமருந்து டேங்கைக் கவிழ்த்துப் பிடித்தபடி நின்ற அப்பாவும்தான்.

கழுவாத டேங்கைத் தோட்டத்து ஸ்டோரில் திரும்ப எடுக்கமாட்டார்கள். லயத்துக்கே குடிதண்ணீர் தந்த ஒரே குழாய் பீலிதான்.

"பீலியில கழுவுனா புள்ளைங்க குடிக்கிற தண்ணியாச்சே. ஓடையில யாரு குடிக்கிறா?" என்பார் அப்பா.

"மீனு குடிக்குதே."

"பெரிய டொக்டரம்மா! மீனுக்கு வைத்தியம் பாக்க வந்துட்டா."

சற்று நேரத்தில் வெள்ளை நுரையோடு மீன்கள் வயிறு மேலாக மிதந்து வரும். அவற்றைச் சேம்பிலையில் வகை வகையாக அடுக்குவேன்: கறுப்புப் பட்டை போட்டவை, மீசை உள்ளவை, உயிரோடு இருந்தபோது தலை சிவந்திருந்து இப்போது வெளுத்துப்போனவை. நான் போட்ட முதல் பட்டியல் அதுதான்.

போன வாரம் மீன் கணக்கெடுப்புக்காக அதே ஓடையில் மூன்று நாள் வலை போட்டோம். இன்று படிவத்தில் எல்லா இனங்களுக்கும் நேரே பூச்சியம் எழுதினேன்.

இப்போது நாங்கள் இருக்கும் பல்லேகல வீட்டுக்கு வந்ததும் அப்பா கேட்டார். "நம்ம ஓடையில அந்தச் செவத்த தல மீனு பட்டுச்சாம்மா? நான் கழுவுன மருந்துல..."

"நெறைய இருக்குப்பா" என்றேன்.

அவர் முகம் தெளிந்தது. "அப்ப ஞாயித்துக்கெழம என்னையும் கூட்டிக்கிட்டுப் போ. ஒருக்கா பாக்கணும்."