சலவைக்கூடத்தில் ஒரு பூனை

மருத்துவமனைச் சலவைக்கூடத்தில் எல்லோரும் அவளைப் பூனை என்றுதான் கூப்பிட்டார்கள். வருவதும் தெரியாது, போவதும் தெரியாது. ஐந்து மாதமாகக் கேமராவும் கையுமாக மூலையில் உட்கார்ந்திருந்தாள். யாரையும் எதுவும் கேட்கமாட்டாள். "இன்னொரு தடவை செய்யுங்க" என்று வாய்தவறியும் சொல்லமாட்டாள். நடப்பதை நடக்கிறபடி எடுப்பதுதான் ஆவணப்படம் என்று அப்படியொரு பிடிவாதம். முதல் படத்துக்குச் சின்னப் பரிசு ஒன்று கிடைத்ததில் பிடிவாதம் இன்னும் கூடிப்போனது.

கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தாலே ஆட்கள் நடிக்கத் தொடங்கிவிடுகிறார்கள் என்று அதன்மேல் கறுப்பு டேப் ஒட்டி, திரையையும் மூடி வைத்திருந்தாள். அங்கேதான் வந்தது வினை.

திரைப்பட விழாவுக்கு அனுப்ப ஒரு வாரமே பாக்கி. படத்துக்கு முடிவுதான் சிக்கவில்லை. அன்று பார்த்து, சிடுசிடுப்புக்குப் பேர்போன பெரியண்ணன், அந்தக் கூடத்தின் மேற்பார்வையாளர், மகளுக்கு வேலை கிடைத்ததாகப் போன் வந்ததும் ஈர விரிப்பைத் தோளில் போட்டுக்கொண்டு மெஷினைச் சுற்றி ஒரு ஆட்டம் போட்டார் பாருங்கள்! கூட வேலை செய்தவர்களே வாயைப் பிளந்தார்கள். பூனைக்கு வயிற்றில் பால் வார்த்தது போல இருந்தது.

வீட்டுக்குப் போய்ப் பார்த்தால் ஒன்றுமே பதிவாகவில்லை. அவசரத்தில் பட்டன் சரியாக அழுந்தவில்லை. விளக்கு எரிந்ததா என்று பார்க்கவும் வழியில்லாமல் அவளே செய்துவைத்திருந்தாள். அழுதேவிட்டாள்.

மறுநாள் காலை முதல் வேலையாக டேப்பைப் பிய்த்தெறிந்துவிட்டுக் கேமராவை ஓடவிட்டாள். அவள் முகத்தைப் பார்த்தே பெரியண்ணன் விஷயத்தைக் கறந்துவிட்டார்.

"ப்பூ, இவ்வளவுதானா? இரும்மா, மறுபடி ஆடறேன்."

வேண்டாம் என்று சொல்ல நாக்கு எழவில்லை. அவ்வளவு ஆசை. அதை நினைத்து அவளுக்கே வெட்கமாக இருந்தது.

விரிப்பைத் தோளில் போட்டுக்கொண்டு அரைச் சுற்று வந்தார். கால் பின்னியது. தூக்கிய கையை என்ன செய்வதென்று தெரியாமல் நின்றார்.

"வரமாட்டேங்குதும்மா. நேத்து எனக்காக ஆடினேன். இன்னிக்கு உனக்காக ஆடறேன்ல, காலுக்கு அது தெரிஞ்சிடுது."

"ஆட வேணாம்ணே, உட்காருங்க. போன்ல பொண்ணு என்ன சொன்னா?" என்று கேட்டேவிட்டாள்.

விரிப்பு மூட்டைமேல் உட்கார்ந்து சொன்னார். பாதியில் குரல் உடைந்தது, முகமெல்லாம் சிரிப்பு.

எடிட் செய்யும்போது தன் கேள்வியை நான்கு முறை வெட்டிப் பார்த்தாள். வெட்டினால் அவர் யாரிடம் சொல்கிறார் என்றே தெரியவில்லை. அப்படியே விட்டுவிட்டாள்.