தாழ்ப்பாள் பாட்டு

அந்தப் பாட்டை நான் பக்தியில் எழுதவில்லை. ஆத்திரத்தில் எழுதினேன். பல சபைகளில் அதைப் பாடுகிறார்கள், கேட்டு அழுகிறார்கள் என்றெல்லாம் பிறகு காதில் விழுந்தது. முழங்காலில் நின்று ஜெபித்தபோது தானாக வந்த பாட்டு என்று நினைத்துக்கொண்டிருக்கிறார்கள் போல. நினைக்கட்டும். ஒரு மனிதரை, அவர் வாயாலேயே, அவர் வீட்டு வாசலிலேயே கேவலப்படுத்த வேண்டும் என்று திட்டம் போட்டுச் சொல் சொல்லாக நான் கட்டிய பாட்டு அது.

அந்த மனிதர் எங்கள் சபைக் கமிட்டியில் பெரிய தலை. சிவகாசிப் பக்கம் தீப்பெட்டி கம்பெனி வைத்திருந்தார். கோயிலுக்கு ஓடு மாற்றியது அவர், மணி வாங்கிக் கொடுத்தது அவர். போதகரை எங்கள் பக்கம் ஐயர் என்போம். ஐயர்மார் வருவார்கள், மாற்றலாகிப் போவார்கள், இவர் மட்டும் இருந்த இடத்தில் இருப்பார். புதிதாக வரும் ஐயர் ஊரில் குடிக்கிற முதல் காப்பி இவர் வீட்டுக் காப்பியாகத்தான் இருக்கும். சபைப் பள்ளிக்கூடத்தில் நான் டீச்சர். அந்த வேலையும் அவர் தலையசைப்பில்தான் இருந்தது.

என் அக்கா நர்ஸ். விருதுநகரில் ஆஸ்பத்திரி வேலை. ஐம்பதுகளின் கடைசியில், கையில் தீக்காயத்தோடு வார்டில் வந்து படுத்த ஒருவரை அவளுக்குப் பிடித்துப் போயிற்று. பட்டாசு கம்பெனியில் வெடிமருந்து கலக்குகிறவர். ஆனைக்குட்டம் பக்கம் கூலிக்குப் போகிற குடும்பம், இந்துக்கள். அவர் வேதத்துக்கு வருகிறேன், ஞானஸ்நானம் எடுக்கிறேன் என்று சொல்லவில்லை. அக்காவும் வா என்று கேட்கவில்லை. ரிஜிஸ்தர் ஆபீஸில் கையெழுத்துப் போட்டுக் கல்யாணம் செய்துகொண்டார்கள்.

அடுத்த வாரமே கமிட்டி கூடிற்று. சபைக்கு முன்னால் நின்று, செய்தது பாவம் என்று அவள் வாய்விட்டு அறிக்கை செய்ய வேண்டும். செய்கிறவரை அவளுக்கு நற்கருணை கிடையாது, பீடத்தில் கொடுக்கிற அப்பமும் பாத்திரத்துத் திராட்சை ரசமும் கிடையாது. தீர்மானத்தைக் கொண்டுவந்தவர் தீப்பெட்டிக் கம்பெனிக்காரர். மற்றவர்கள் கை தூக்கினார்கள். அக்காவிடம் போய்ச் சொன்னபோது அவள் கத்தவில்லை, அழவில்லை.

"தப்புப் பண்ணுனா நானே போய் நிப்பேன். இதுல தப்பு எங்கன இருக்கு? இல்லாதத எப்படிச் சொல்லுறது?" என்றாள்.

அப்படிச் சொன்னாளே தவிர, கோயிலை விடவில்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. நானாக இருந்தால் வேறு சபைக்குப் போயிருப்பேன், இல்லாவிட்டால் கோயிலே வேண்டாம் என்று வீட்டில் கிடந்திருப்பேன். அவள் ஞாயிறு தவறாமல் பஸ் பிடித்து வந்தாள். வெளி வராந்தாவில், பெண்கள் செருப்பு விடுகிற இடத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள். அவளுக்கு அந்தப் பாத்திரம் வேண்டும். அந்த ஒரு வாய் ரசம் வேண்டும். அதற்கு மேல் சபையிடம் அவள் எதுவும் கேட்கவில்லை.

ஒரு கிறிஸ்துமஸ் அன்று பொறுக்க முடியாமல் எழுந்து உள்ளே வந்துவிட்டாள். பெண்களோடு பெண்ணாகப் பீடத்துக்கு முன்னால் முழங்கால் போட்டு, இரண்டு கையையும் ஏந்தினாள். நான் அவளுக்கு அடுத்து இருந்தேன். பழைய ஐயர் அப்பத் தட்டோடு வந்தார், அவள் முகத்தைப் பார்த்தார், திரும்பி முன்வரிசைப் பெஞ்சைப் பார்த்தார். பெஞ்சில் இருந்த கம்பெனிக்காரர் வேண்டாம் என்று தலையை லேசாக அசைத்தார். ஐயர் அக்காவைத் தாண்டி வந்து என் கையில் அப்பத்தை வைத்தார். அவள் ஏந்திய கை ஏந்தினபடியே இருந்தது. நான் அதை வாயில் போட்டேன், விழுங்கவும் செய்தேன். என் கோபம் அன்றைக்குத்தான் தீப்பிடித்தது.

எங்கள் சபையில் பாட்டுப் புத்தகம் வைத்திருந்தவர்கள் குறைவு. வாசிக்கத் தெரிந்தவர்களும் அப்போது குறைவு. அதனால் பாட்டு நடத்துகிறவர் ஓர் அடி பாடுவார், சபை அதைத் திருப்பிப் பாடும். ஹார்மோனியம் என் கையில் இருந்ததால் நடத்துவது நான். இது சபைக்கு ரத்தத்தில் ஊறிப்போன பழக்கம். என்ன சொல், என்ன பொருள் என்று யாரும் நின்று யோசிக்க மாட்டார்கள். நான் பாடினால் அவர்கள் பாடுவார்கள். அதிலும் கம்பெனிக்காரருக்கு நல்ல கனத்த குரல். தன் குரல் முதலில் கேட்க வேண்டும் என்று எல்லோருக்கும் அரைத் தாளம் முந்தியே எடுப்பார். கொஞ்சம் தெரிந்த பாட்டாக இருந்தால் என்னையும் முந்திக்கொண்டு அடுத்த அடிக்குப் போய்விடுவார். ஊரே அவரைப் பின்பற்றும். பாட்டில் மட்டும் என்றால் பரவாயில்லை.

இந்தப் பழக்கத்தை வைத்துத்தான் அவரைப் பிடிக்க வேண்டும் என்று முடிவு செய்தேன்.

மெட்டுக்கு அலையவில்லை. தீப்பெட்டிக் கம்பெனியில் சட்டத்தில் குச்சி அடுக்குகிற பெண்கள் வேலையோடு வேலையாகப் பாடுவார்கள். கைவேகத்துக்குத் தக்க பாட்டு, ஒரு தடவை கேட்டால் ஒட்டிக்கொள்ளும். அதை எடுத்துக் கொஞ்சம் இழுத்துத் துக்கமாக்கினேன். அவர் கம்பெனிப் பெண்களின் மெட்டுதான் என்பதில் எனக்குத் தனிச் சந்தோஷம். பாட்டை 'நான்' என்று எழுதினேன். பாடுகிறவன் தானே குற்றவாளி என்று ஒப்புக்கொள்கிற மாதிரி.

தட்டின கையைத் தள்ளினேன் – நான்
தாழ்ப்பாள் போட்டு நின்றேன்
உள்ளே நின்று உம்மைப் பாடி
வெளியே உம்மை விட்டேன்.

இப்படி மூன்று சரணம். நடுநடுவே 'இரங்கும், இரங்கும், இயேசுவே' என்று பல்லவி. இரக்கத்தைப் பற்றித்தான் பாட்டு முழுக்க. எழுதுகிறபோது என் மனசில் இரக்கம் மருந்துக்கும் இல்லை.

ஈஸ்டருக்கு முந்தின குருத்தோலை ஞாயிறு வந்தது. சபை முழுவதும் ஆளுக்கொரு ஓலையைப் பிடித்துக்கொண்டு தெருத் தெருவாகப் பாடிப் போவோம். கம்பெனிக்காரர் வீட்டு வாசலில் பவனி நிற்கும். எல்லோருக்கும் அங்கே மோர். மோர் கொடுத்து முடிகிறவரை ஒரு பாட்டை முழுசாகப் பாடுவது வழக்கம். அந்த இடத்துக்கென்று நான் வைத்திருந்த பாட்டை எடுத்தேன்.

"தட்டின கையைத் தள்ளினேன் நான்."

"தட்டின கையைத் தள்ளினேன் நான்" என்று அவர் குரல் முதலில் எழும்பியது. நெஞ்சில் கையை வேறு வைத்துக்கொண்டார். பின்னால் சபை முழுக்கப் பாடிற்று. குழாயடியில் குடத்தோடு நின்ற பெண்கள் வேடிக்கை பார்த்தார்கள். அவர்கள் இந்துக்கள், அவர் கம்பெனியில் குச்சி அடுக்குகிறவர்கள், மெட்டைக் கேட்டதும் முகம் மலர்ந்தது. இரண்டாவது சரணத்தில் ஒருத்தி வாயைப் பொத்திக்கொண்டு பக்கத்தில் நின்றவளிடம் சொன்னாள்:

"அந்த நர்சக்காவ வெளிய உக்கார வச்சாகளே, அந்தக் கததான? அவுகளே பாடுதாக பாரு!"

மோர்ப் பானைக்குப் பின்னால் அவருடைய மனைவி நின்றிருந்தார். சொம்பும் கையுமாக அப்படியே நின்று என்னைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது. வேறு யாருக்குப் புரிந்ததோ இல்லையோ, அந்த அம்மாளுக்குப் புரிந்துவிட்டது. பிறகு அடுத்த ஆளுக்கு மோரை ஊற்றினார்.

பாட்டு முடிந்தது. அவர் என்னை நோக்கி வந்தார். முகம் கறுத்திருக்கும், திட்டுவார், வேலை போகும் என்று எல்லாவற்றுக்கும் துணிந்து நின்றேன். அவர் கண்ணெல்லாம் ஈரம்.

"டீச்சர், எம்புட்டு அருமையான பாட்டு! நெஞ்சப் பிழிஞ்சிருச்சு. எங்கன பிடிச்சீக? இன்னொரு தடவ பாடுங்க" என்றார்.

இன்னொரு தடவை பாடினோம். இன்னும் சத்தமாகப் பாடினார்.

என் பழிவாங்கல் ஈரத்தில் நமத்த வெடி மாதிரி புஸ்ஸென்று போயிற்று. வீட்டுக்கு வந்து ஓலையைச் சுவரில் வீசி அடித்தேன். ஊசியால் குத்தினால் யானைத் தோலுக்கு வலிக்கவா செய்யும்? அந்த மனிதர் அழுகிறார், ஆனால் அழுவது தனக்காக என்று தெரியவில்லை. பாட்டில் வருகிற பாவி வேறு எவனோ. அந்த வாரம் முழுக்கத் தெருப்பிள்ளைகள் அதைப் பாடினார்கள். பெயர் கூட வைத்துவிட்டார்கள், தாழ்ப்பாள் பாட்டு என்று. ஈஸ்டர் அன்று நற்கருணை நேரத்தில் அதையே பாட வேண்டும் என்று அவர், இடையில் மாற்றலாகி வந்திருந்த புது ஐயரிடம் சொல்லியிருந்தார். ஐயர் வந்து என்னிடம் சொன்னார். "பாடுறேன் ஐயரே" என்றேன். சும்மா பாடிவிட்டு வருகிற எண்ணம் எனக்கு இல்லை.

ஈஸ்டர் ஆராதனைக்கு அக்கா வெள்ளைச் சேலையில் வந்திருந்தாள். வழக்கம்போல வராந்தா. எங்கள் கோயிலில் ஆண்களுக்கு முதலில் கொடுப்பார்கள், பிறகுதான் பெண்கள். ஆண்களிலும் முதலில் போய் முழங்கால் போடுகிறவர் யார் என்று சொல்ல வேண்டியதில்லை. ஐயர் அப்பம் கொடுத்து முடித்துப் பாத்திரத்தை எடுத்தார். நான் பாட்டை ஆரம்பித்தேன். சபை திருப்பிப் பாடிற்று. முழங்காலில் இருந்தபடியே அவரும் பாடினார்.

"உள்ளே நின்று உம்மைப் பாடி" என்று பாடினேன். "உள்ளே நின்று உம்மைப் பாடி" என்று சபை பாடிற்று.

அதோடு நான் நிறுத்தினேன். ஹார்மோனியத்தின் துருத்தியிலிருந்து கையை எடுத்துவிட்டேன்.

அடி எடுத்துக் கொடுக்க ஆள் இல்லாவிட்டால் எங்கள் சபை அசையாது. எல்லோரும் வாயைத் திறந்தபடி காத்திருந்தார்கள். ஒருவர் மட்டும் காத்திருக்கவில்லை. முந்திப் பாடியே பழகியவர். அந்தப் பெரிய அமைதியில் அவர் ஒற்றைக் குரலில், முழுத் தொண்டையில் பாடினார்:

"வெளியே உம்மை விட்டேன்."

யாரும் திருப்பிப் பாடவில்லை. தன் குரலைத் தானே கேட்டார். கோயிலில் அவ்வளவு சத்தமாக அது கேட்கும் என்று அவர் நினைத்திருக்க மாட்டார். மெதுவாகத் தலையைத் திருப்பி என்னைப் பார்த்தார். அந்த நிமிடத்துக்காகத்தான் நான் கிறிஸ்துமஸிலிருந்து உயிரோடு இருந்தேன் என்று சொன்னால் மிகையில்லை. பெண்கள் கோயிலில் எழுந்து பேசுகிற காலம் இல்லை அது. எழுந்தேன்.

"விட்டவுக நீங்கதான். எங்கக்கா அந்தா வெளியதான் இருக்கா" என்றேன்.

யாராவது ஒருவர் உட்காரு என்று அதட்டியிருந்தால் உட்கார்ந்திருப்பேனோ என்னவோ. பெண்கள் பக்கம் முதல் பாயில் இருந்த அவருடைய மனைவி முந்தானையை இழுத்துத் தலையில் போட்டுக்கொண்டு எழுந்தார். புருஷனைப் பார்க்கவில்லை. நேராக வராந்தாவுக்குப் போய் அக்காவின் பக்கத்தில், செருப்புகளை ஒதுக்கிவிட்டு உட்கார்ந்தார். பின்னாலேயே இரண்டு மூன்று பேர் போனார்கள். புது ஐயர் சின்ன வயது. வராந்தாவைப் பார்த்தார். கம்பெனிக்காரர் வாயைத் திறந்து காத்திருந்தார். ஐயர் அவரைத் தாண்டினார். என் கண்ணால் பார்த்தேன், அக்காவைத் தாண்டிப் போன மாதிரியே அவரைத் தாண்டி, பாத்திரத்தோடு வாசலுக்கு நடந்தார்.

எனக்குள் அப்போது எழும்பிய சந்தோஷத்தை மறைக்க மாட்டேன். பரிசுத்தமான சந்தோஷம் இல்லை அது. முழங்காலில் நிற்கிற அவரை ஊரே பார்த்துக்கொண்டிருந்தது. இன்னும் பார்க்கட்டும், சாயங்காலம் வரை பார்க்கட்டும் என்று இருந்தது.

ஐயர் அக்காவின் முன்னால் போய் நின்றார். அவள் அந்தப் பாத்திரத்தைப் பார்த்தாள். எத்தனை வருஷத்துத் தாகம். எடுத்துக் குடிப்பாள் என்று நான் பார்த்துக்கொண்டிருக்க, அவள் ஐயரைத் தாண்டி உள்ளே எட்டிப் பார்த்தாள்.

"ஐயரே, அவுகளுக்கு முட்டி வீங்கிக் கெடக்கு. ஆஸ்பத்திரிக்கு வந்து காட்டிட்டுப் போனாக. அம்புட்டு நேரம் முழங்கால்ல நிக்க முடியாது. மொதல்ல அவுகளுக்குக் குடுத்துட்டு வாங்க. நான் இருக்கேன்" என்றாள்.

ஐயர் திரும்பி வந்தார். கம்பெனிக்காரரின் உதட்டில் பாத்திரத்தை வைத்தார். அவர் குடித்தார். குடித்தபோது தாடை ஆடியது. எழுந்திருக்க முடியாமல் இரண்டு பேர் தூக்கிவிட வேண்டியிருந்தது. அதன்பின் ஐயர் வராந்தாவுக்குப் போய் அக்காவுக்கு அப்பமும் ரசமும் கொடுத்தார். அறிக்கை செய்யச் சொல்லி யாரும் அவளைப் பிறகு கேட்கவில்லை.

ஆராதனை முடிந்து பஸ்ஸுக்கு நடந்தோம். அவள் முகம் தெளிந்திருந்தது. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"ஏங்க்கா அப்படிப் பண்ணுன? இன்னுங் கொஞ்ச நேரம் அந்தாளு கெடந்திருக்கணும். ஊரு சிரிச்சிருக்கும். நான் கட்டி வச்சத எல்லாம் ஒரே பேச்சுல கவுத்துட்டயே!"

அவள் நின்று என்னைப் பார்த்தாள். நிஜமாகவே அவளுக்குப் புரியவில்லை.

"நீதான புள்ள எழுதுன? போன ஞாயிறும் இன்னைக்கும் வெளிய இருந்து அந்தப் பாட்டக் கேட்டேன். அதுல உள்ளதத்தான செஞ்சேன்" என்றாள்.

அடுத்த மாதமே என்னை ஏழாயிரம்பண்ணைப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்துக்கு மாற்றினார்கள். யார் மாற்றியது என்று கேட்கத் தேவையில்லை. போனேன். அக்கா அவரை மன்னித்தாள், அது அவள் பாடு. கொஞ்ச நாளில் அவர் முட்டிக்கு ஒத்தடம் கொடுக்கவும் போனாள். நான் மன்னிக்கவில்லை. அந்தப் பாட்டை அதற்கப்புறம் நான் வாயில் எடுத்ததும் இல்லை. அதில் ஓர் அடியைக்கூட நான் நம்பவில்லை என்று பஸ்ஸுக்கு நடந்த அந்த வழியில் எனக்குத் தெரிந்து போயிற்று. நம்பியவள் அக்கா. அவளுக்குப் பாட வராது.