கவுண்டி மாமா எக்கபெர்க்கில் ஆடிய நாள்

அம்மாவின் கடைசித் தம்பி இங்கிலாந்தில் கவுண்டி கிரிக்கெட் அணிக்கு விளையாடுகிறவர் என்பது நோர்வேயில், ஸ்டோவ்னரில் எங்கள் கட்டடத்தில் இருந்த ஏழு தமிழ்க் குடும்பங்களுக்கும் தெரியும். அப்பா தெரியவைத்திருந்தார். எனக்கு அப்போது பத்து வயது. மாமா இரண்டு கிழமை எங்களோடு தங்க வந்தபோது, அவரைக் கேட்பதற்கு என்னிடம் நிறையக் கேள்விகள் இருந்தன.

"கவுண்டி எண்டால் ஃபில்கேயோ மாமா?"

பள்ளிக்கூட வரைபடத்தில் நோர்வேயின் மாகாணங்களுக்கு அதுதான் பெயர். அப்பா மொழிபெயர்த்துச் சொன்னதும் மாமா கொஞ்சம் யோசித்தார்.

"ஓம், அப்பிடித்தான். ஆனால் ரெண்டு வகை இருக்குப் பிள்ளை. பெரிய கவுண்டியள் டிவியிலை வரும். மற்றது எங்கடை."

மாமாவின் அந்த 'எங்கடை' கவுண்டிக்கு விளையாடுகிறவர்களுக்கு அது தொழில் அல்ல. ஒருவர் தபால்காரர், ஒருவர் பல் வைத்தியர். மாமா ஒரு சுப்பர்மார்க்கெட்டின் களஞ்சியத்தில் வேலை செய்தார். மூன்று நாள் ஆட்டம் வந்தால் மூன்று நாள் லீவு எடுப்பார். லீவு முடிந்துபோனால் சுகமில்லை என்பார். ஒரு மைதானத்தில் ஆட்டத்தின் நடுவே செம்மறிகள் புகுந்த கதையையும், மழைக்கு ஒதுங்கி இரண்டு நாள் சீட்டாடிய கதையையும் சொன்னார். சதம் அடித்தாரா என்று கேட்டேன். இல்லை. ஐம்பது?

"ஒருக்கா. விடிய இறங்கினனான், பொழுதுபட முடிஞ்சுது."

பொழுதுபடும்வரை துடுப்போடு நிற்பவர் எப்போது சாப்பிடுவார்? ஒண்டுக்கு வந்தால் என்ன செய்வார்? அதையும் கேட்டேன். மாமா எல்லாவற்றுக்கும் பொறுமையாகப் பதில் சொன்னார்.

அப்பாவுக்கு இந்த விபரமெல்லாம் தேவைப்படவில்லை. அந்த ஞாயிறு எக்கபெர்க் மைதானத்தில் எங்கள் தமிழ்க் கழகத்துக்கும் ஒரு பாகிஸ்தானியக் கழகத்துக்கும் இருபது ஓவர் சிநேகபூர்வ ஆட்டம். மூன்று வருடமாக அவர்களிடம் தோற்றுக்கொண்டிருந்தோம். அப்பா மாமாவின் பெயரைக் கொடுத்துவிட்டார். அம்மா ஒரு பெட்டி நிறைய றோல்ஸ் பொரித்தார்.

எங்கள் முறை வந்ததும் மாமா முதல் ஆளாக இறங்கினார். பாய்ந்து வந்த பந்துகள் அவருடைய துடுப்பில் பட்டதும் காலடியிலேயே அடங்கிப்போயின. சத்தமே இல்லை. ஒருவர் பந்தை அவ்வளவு அழகாக நிறுத்தி நான் பார்த்ததில்லை. முதல் ஓவருக்கு எங்கள் ஆட்கள் கைதட்டினார்கள். ஐந்தாம் ஓவரில் கைதட்டல் நின்றது. பத்தாம் ஓவரில் அப்பா எல்லைக்கோட்டுக்கே போய்விட்டார்.

"அடியும் மச்சான், அடியும்!"

மாமா தலையாட்டிவிட்டு அடுத்த பந்தையும் தடுத்தார். மறுமுனையில் எங்கள் ஆட்கள் அவசரத்துக்கு அடித்து ஒவ்வொருவராக ஆட்டமிழந்தார்கள். இருபது ஓவரும் முடிந்தபோது நாங்கள் தோற்றிருந்தோம். மாமா ஆட்டமிழக்காமல் பதினேழு. எதிரணியின் வேகப்பந்து வீச்சாளர் மட்டும் ஓடிவந்து அவருடைய கையை இரண்டு கைகளாலும் பிடித்துக் குலுக்கினார். எங்கள் பக்கத்தில் யாரோ, "கவுண்டியாம்" என்று சிரித்தார்கள்.

பாகிஸ்தானியக் குடும்பங்களோடு என் வகுப்புத் தோழி ஒருத்தியும் வந்திருந்தாள். மாமாவைக் காட்டி, அது உன்னுடைய ஒங்கெலா என்று நோர்வேஜிய மொழியில் கேட்டாள். நான் "நெய்", இல்லை, என்றேன். அப்பாவோடு வேலை செய்கிற ஆள் என்றும் சேர்த்துச் சொன்னேன். இரண்டடி தள்ளி மாமா கால்காப்பைக் கழற்றிக்கொண்டிருந்தார். அவருக்குத்தான் நோர்வேஜியன் தெரியாதே என்ற தைரியம். ஒங்கெலுக்கும் அங்கிளுக்கும் தூரம் எவ்வளவு குறைவு என்பது எனக்குத் தோன்றவில்லை.

திரும்பும்போது அப்பா ரயிலில் வேறு பெட்டியில் ஏறிக்கொண்டார். நான் மாமாவுக்கு எதிரே இருந்தேன். கேட்காமல் இருக்க முடியவில்லை.

"ஏன் மாமா அடிக்கேல்லை?"

"அடிக்கிறதுக்கு வேற ஆக்கள் இருப்பினம் பிள்ளை. பந்து பழசாகுமட்டும் நான் நிண்டால் காணும். ஒன்பது வருசமா அதுதான் என்ரை வேலை."

"இஞ்சை அடிக்க ஆர் இருந்தவை?"

 மாமா சிரித்துவிட்டார். "ஒருத்தரும் இல்லைத்தான்" என்றார்.

பல வருடங்களுக்குப் பிறகுதான் அம்மா சொன்னார். அந்த வசந்தத்தில் கவுண்டியிலிருந்து மாமாவுக்குக் கடிதம் வந்திருந்ததாம். விரைவாக ஓட்டம் எடுக்கும் இளையவர்கள்தான் இனித் தேவை, இதுவரை விளையாடியதற்கு நன்றி. அதை அவர் தன் அக்காவிடம் மட்டும் சொல்லியிருக்கிறார். எக்கபெர்க்குக்குப் பிறகு அவர் எங்கேயும் துடுப்பைத் தொடவில்லை.

அது யூலை மாதம். இங்கிலாந்தில் ஒவ்வொரு மைதானத்திலும் கிரிக்கெட் நடக்கும் காலம். அந்த மாதத்தில் ஒரு கவுண்டி வீரர் இரண்டு கிழமை எங்கள் குசினியில் இருந்து ஆறுதலாகப் புட்டுச் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். இப்ப உங்களுக்கு மட்ச் இல்லையோ என்று அப்பாவும் கேட்கவில்லை, நானும் கேட்கவில்லை.