தலைகீழாகத் தொங்கிய ஓவியம்

போன சனிக்கிழமை ஈப்போவில் ஒரு படம் பார்த்தேன். பார்த்தேன் என்பதைவிட, தப்பித்து வந்தேன் என்பதுதான் பொருத்தம்!

எடுத்தவர் யமுனா. பக்கத்து ஊரான செமோரைச் சேர்ந்த பெண். பரிசோதனைப் படம் - கதை கிடையாது, வசனம் கிடையாது. யாரைப் பற்றி? ஒரு காலத்தில் செமோர் பக்கத்து ரப்பர் தோட்டமொன்றில் இருந்த மூன்று இளம் ஓவியர்களைப் பற்றி. 'இதெல்லாம் ஓவியமா?' என்று கண்காட்சியில் இடம் மறுத்தார்களாம். மூவரும் ரப்பர் ஷீட்டில் தாரால் வரைந்து, கண்காட்சி நடந்த மண்டபத்தின் வேலியிலேயே தொங்கவிட்டுவிட்டார்கள்!

அந்த மூவரில் இன்று மிஞ்சியிருப்பவர் மாணிக்கம் அண்ணன் மட்டும்தான். சித்தியவானில் மகள் வீட்டில் இருக்கிறார். மகா கோபக்காரர். பாராட்டிப் பேச வந்தவரையே மேடையிலிருந்து இறக்கிவிட்டவர்.

படத்துக்குச் சம்மதித்தபோது ஒரே நிபந்தனை போட்டார். "எனக்குப் புடிக்கலன்னா அழிச்சிடணும்." யமுனாவும் தலையாட்டிவிட்டார். வருடக்கணக்கான உழைப்பு... தூது போன பாவி நான்தான்.

அன்று அவரை என் காரில் அழைத்து வந்து, பக்கத்திலேயே உட்கார்ந்தேன். பழைய கடைவீடு ஒன்றின் மாடியில்தான் திரையிடல். விளக்கு அணைந்தது. திரையில் மழை. பிறகு புகை. பிறகு அண்ணனின் ஓவியம் - வாளியிலிருந்து ரப்பர் பாலைக் கொட்டும் பெண். ஆனால் தலைகீழாக! பால் வானத்துக்கு ஏறிக்கொண்டிருந்தது.

அண்ணன் எழுந்துவிட்டார்.

"நிப்பாட்டு! படம் தலைகீழா இருக்கு!"

படம் நின்றது. எனக்கு வியர்த்தது. யமுனா முன்னால் வந்தார்.

"தெரியும் அங்கிள். வேணும்னேதான் திருப்பினேன்."

"யாரைக் கேட்டு?"

"யாரையும் கேக்கல. நீங்க மட்டும் அன்னைக்கு யாரைக் கேட்டு வேலியில மாட்டுனீங்க?"

அண்ணன் திரையையே பார்த்தார். ரொம்ப நேரம்.

"எங்க மூணு பேருக்கும் இது தோணவே இல்லயே லா..." என்றார் மெதுவாக. உட்கார்ந்தார். "ம்ம், போடும்மா. அழிக்க வேணாம்."

அப்பாடா! யமுனா அழுதுகொண்டே சிரித்தார். எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது.

கலகக்காரருக்கு எப்படி மரியாதை செய்வது? மாலை போட்டால் கோபித்துக்கொள்வார்கள். எதிர்த்து நின்றால்... உட்கார்ந்து ரசிக்கிறார்கள்!

திரும்பும்போது காரில் அண்ணன் மெல்லக் கேட்டார். "தம்பி, அந்தப் படம் ஒனக்குப் புரிஞ்சிச்சா?"

"இல்லண்ணே."

"நல்லவேளை. நான் மட்டும்தான்னு பயந்துட்டேன் லா!"