தேத்தண்ணி சூடானால் சிக்னல் போகும்

போன வியாழக்கிழமை மாலை நான்கு மணி. ஐந்து மணிக்குள் பத்திரிகைக்கான என் வாராந்தப் பத்தி ஈமெயிலில் போயாக வேண்டும். கடந்த இரண்டு வாரமும் பிந்தித்தான் அனுப்பினேன். "இன்னொரு தடவை லேட்டானா உங்க இடத்துல குறுக்கெழுத்துப் போட்டியைப் போட்டுருவேன்" என்று ஆசிரியர் சொல்லியிருந்தார். சொன்னால் செய்கிற மனுஷன்!

அந்த நேரம் பார்த்து வயர்லெஸ் சிக்னல் போய்விட்டது.

யார் மேல் பழி போடுவது? எங்கள் மலையூர் அப்புத்தளையில் அதற்கென்றே ஒன்று இருக்கிறது — பனி. ரயில் பிந்தினால் பனி. துணி காயாவிட்டால் பனி. மாப்பிள்ளை வீட்டார் வராவிட்டாலும் பனி! ஆசிரியரிடம் இரண்டு வாரமும் நான் சொன்னது அதைத்தான்.

நல்லவேளை, பக்கத்துப் பெரகலயில் கம்ப்யூட்டர் கடை வைத்திருக்கும் செல்வத்தை முதல்நாளே கூப்பிட்டிருந்தேன்; சொன்னபடி வந்துவிட்டார். ரவுட்டர் முன் அறையில். நான் எழுதுவதோ அடுப்படிக்குப் பின்னால். அங்கேதான் கொஞ்சம் கதகதப்பு. செல்வம் என் லெப்டொப்பில் வயர்லெஸ் அடாப்டரின் அட்வான்ஸ்ட் செட்டிங்கைத் திறந்தார்.

"ரோமிங்கை, அதான் வேற சிக்னல் தேடி ஓடுறதை, குறைச்சிருக்கேன் சேர். சிக்னல் தடுமாறுனாலும் விட்டுட்டு ஓடாது."

சிக்னல் வந்தது. வந்த மனுஷனுக்கு ஆறின தேத்தண்ணி கொடுக்கலாமா? கப்பை மைக்ரோவேவில் வைத்துச் சுற்றவிட்டேன்.

"போயிருச்சு சேர்!"

அடாப்டரின் பவரைக் கூட்டினார். வந்தது. அதற்குள் தேத்தண்ணி மறுபடி ஆறியிருந்தது... சூடாக்கினேன். போய்விட்டது! மணி நாலே முக்கால். பனியை வாய்க்கு வந்தபடி திட்டினேன்.

வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்த என் மனைவி நிமிர்ந்தாள். "ரெண்டு வாரமா பாக்குறேன். இந்த மெஷின் சுத்த ஆரம்பிச்சா நீங்க கத்த ஆரம்பிக்கிறீங்க."

"ஏன் சொல்லல?"

"எழுதுறப்ப பேசக்கூடாதுன்னு நீங்கதானே சொன்னீங்க!"

செல்வம் தலையில் அடித்துக்கொண்டார். "மைக்ரோவேவ், வயர்லெஸ் ரெண்டும் ஒரே அலைவரிசைக்கிட்ட வருது சேர்!" ஓடிப்போய் ரவுட்டரின் சேனலை மாற்றினார். "இனிப் பரவாயில்ல. ஆனாலும் அனுப்புறப்ப எதையும் சூடாக்காதீங்க."

ஐந்துக்கு இரண்டு நிமிடம் இருக்கப் பத்தி போய்ச் சேர்ந்தது. செல்வம் பச்சைத் தண்ணீராய் ஆறிப்போன தேத்தண்ணியைக் குடித்துவிட்டுப் போனார், பாவம்.

நமக்கெல்லாம் ஒரு வியாதி. மலை முழுவதையும் சந்தேகப்படுவோம். கையில் இருக்கும் கப்பை மட்டும் சந்தேகப்பட மாட்டோம்.

மறுநாள் ஆசிரியர் கூப்பிட்டார். "என்ன, இந்த வாரம் பனி இல்லையா?"

"விலகிருச்சுங்க" என்றேன், கூசாமல்.

இப்போது இந்தப் பத்தியை அவர் படித்தாக வேண்டுமே... ஆகவே போனை ஆஃப் பண்ணிவிட்டேன். கேட்டால் — பனி!