செக்கிங் டேபிளும் என் கண்களும்

ஜூலை 9, புதன்கிழமை. வழக்கம்போல மாதனூரில் கம்பெனி பஸ் ஏறிப் போய் செக்கிங் டேபிளில் உட்கார்ந்தேன். தைத்து வரும் ஷூவின் மேல்பாகமான அப்பர்களில் எங்காவது தையல் விட்டிருக்கிறதா என்று பார்த்து முத்திரை குத்துவது என் வேலை.

மதியம் கம்பெனியில் கண் பரிசோதனை நடந்தது. கண் சரியில்லாதவர்களை பேக்கிங்குக்குத் தள்ளிவிடுவார்கள் என்று பேச்சு. அதனால் வரிசையில் முன்னால் நின்றவர்கள் படிப்பதைக் கேட்டே அட்டையில் இருந்த எழுத்துகளை மனப்பாடம் செய்து, ஒருவருக்கொருவர் சொல்லியும் கொடுத்துவிட்டோம். கிட்டத்தில் பிடித்த அட்டையை நானும் தடுமாறாமல் ஒப்பித்தேன்.

பரிசோதித்த பெண், "நீங்க ஒண்ணும் சொல்ல வேணாங்க்கா, அட்டைய மட்டும் பாருங்க" என்றாள். டார்ச் போன்ற ஒரு கருவியால் என் கண்ணுக்குள் வெளிச்சக் கோட்டை ஆட்டி, அது எந்தப் பக்கம் நகர்கிறது என்று கவனித்தாள்.

"கிட்டத்துல உங்க கண்ணு ஃபோகஸே ஆவலக்கா. இன்னாத்த படிச்சீங்க?"

"நான் சொல்லிக் குடுத்தத" என்றாள் பின்னால் நின்ற தோழி. எல்லோரும் சிரித்தார்கள். இத்தனை நாள் எதைப் பார்த்து முத்திரை குத்தினேன் என்று எனக்குள் கேட்டுக்கொண்டேன்.

பரிசோதித்த பெண் எழுதித் தந்த பவரில் மாலையே ஆம்பூர் பஜாரில் கண்ணாடி வாங்கினேன். என் கைப்பைத் தையலில் ஊசித் துளைகள் தனித்தனியாகத் தெரிந்தன. அப்படித் தெரியும் என்பதே எனக்கு மறந்துபோயிருந்தது.

மறுநாள் காலை முதல் வேலையாக சூப்பர்வைசரிடம் போய், முந்தின நாள் நான் பாஸ் செய்த அப்பர்களை அனுப்ப வேண்டாம் என்றேன்.

"ஏம்மா, இன்னாச்சு?"

அவர் எதிரிலேயே கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, நேற்றைய குவியலிலிருந்து முதல் அப்பரை எடுத்தேன்.