மத்தி மீன் படத்துக்கு வர்ணனை

ஆவணப்படத் தயாரிப்பாளர் ஒடில் கெர்வெல்லா தன் படங்களுக்கு வர்ணனையும் தானே எழுதுவாள். அதைக் கவிதை என்றே நம்பினாள். பிரான்சின் துவார்னெனே என்ற கடலோர ஊரில் மத்தி மீனை டப்பாவில் அடைக்கும் ஆலைப் பெண்களைப் பற்றி ஒரு படம் எடுத்து, முதலில் அவர்களுக்கே போட்டுக் காட்டினாள்.

"இவை வரலாற்றின் கைகள்" என்று திரையில் அவள் குரல் உருகியது.

"அது என் கைதான். மீன் நாத்தம் தாங்காம எம் புருஷன் தனியாப் படுத்தான்," என்றாள் முன்வரிசையில் இருந்த இவெட்.

"அந்தாளு குறட்டை தாங்காம நீதான்டி தனியாப் படுத்தே," என்றாள் பக்கத்தில் இருந்த மார்ஸெலின்.

அரங்கமே சிரித்தது. ஒடிலுக்கு முகம் சிவந்துவிட்டது. ஆனாலும் மறுநாளே ஒலிப்பதிவுக் கருவியோடு அவர்கள் வீடுகளுக்குப் போனாள். ஏழு மாதம் எழுதியதைக் குப்பையில் போட்டுவிட்டு, படம் முழுக்க அவர்களையே பேசவிட்டாள்.

முப்பது வருடத் தொழிலில் அவளுக்குப் பரிசு வாங்கித் தந்தது அந்தப் படம்தான். சிறந்த எழுத்துக்கான பரிசு. மறுக்காமல் வாங்கிக்கொண்டாள்.